ஏரி தெரியும் ஜன்னல்

2015 ஜூன் மாதம் வெளியான 'இன்று நேற்று நாளை' படத்தில், விஷ்ணு விஷாலுக்கும் கருணாகரனுக்கும் எதிர்காலத்திலிருந்து ஒரு டைம் மெஷின் வந்து சேரும். சரித்திரத்தையே புரட்டிப் போடக்கூடிய சாதனம். அதை வைத்து அவர்கள் என்ன செய்தார்கள்? ஒரு ஜோசியரோடு கூட்டுச் சேர்ந்து, ஊராருக்குக் காணாமல் போன பொருள்களைக் கண்டுபிடித்துக் கொடுத்துக் காசு பார்த்தார்கள்! தியேட்டரே சிரித்தது. ஆனால், யோசித்துப் பார்த்தால் சாதாரண மனிதர்கள் கடந்த காலத்திடம் கேட்க நினைப்பதும் அதைத்தான்: 'தொலைஞ்சது எங்கே?'

அந்தக் காலத்துக்குப் போகக்கூட வேண்டாம், பார்த்தாலே போதும் என்கிறவர்களுக்கும் ஒரு கற்பனைச் சாதனம் உண்டு. பெல்ஃபாஸ்ட்டில் பிறந்த எழுத்தாளர் பாப் ஷா 1966-ல் எழுதிய சிறுகதையில் வரும் விசேஷமான கண்ணாடி அது. அதன் ஒரு பக்கம் நுழையும் வெளிச்சம் மறுபக்கம் வந்து சேரப் பத்து வருஷம் ஆகும். ஏரிக்கரையில் பத்து வருஷம் நிறுத்தி வைத்து, பிறகு நகரத்து வீட்டில் மாட்டினால், ஜன்னல் வழியே தினமும் ஏரி தெரியும். கதையில் அந்தக் கண்ணாடியை விற்கிறவரின் வீட்டு ஜன்னலில் மனைவியும் குழந்தையும் தெரிகிறார்கள். இருவரும் விபத்தில் இறந்து வருஷங்கள் ஆகிவிட்டன. அவர் பார்க்கலாம், கூப்பிட முடியாது.

அப்படியொரு கண்ணாடியை நூறு வருஷம் தாங்குகிற கனத்தில் செய்து, அந்த நாளிலேயே தி.நகரில் நிறுத்தி வைத்திருந்தால் இன்று என்ன தெரியும்? ஜவுளிக்கடையும் இல்லை, நகைக்கடையும் இல்லை. தண்ணீர்தான் தெரியும்.

மவுண்ட் ரோட்டுக்கு மேற்கே, நுங்கம்பாக்கத்திலிருந்து சைதாப்பேட்டை பக்கம் வரை நீண்டு கிடந்தது ஓர் ஏரி. நீளமாக இருந்ததால் ஆங்கிலேயர் அதை 'லாங் டேங்க்' என்றே அழைத்தார்கள். அதில் படகுப் போட்டிகள்கூட நடந்திருக்கின்றன. நகரத்தில் ஜனம் பெருக, 1920-களில் அந்த ஏரியை வடித்துத்தான் புதிய குடியிருப்பை உருவாக்கினார்கள். 1925-ல் மறைந்த நீதிக்கட்சித் தலைவர் சர் பிட்டி தியாகராயரின் பெயரை அதற்கு வைத்தார்கள். நடுவில் அமைந்த பூங்காவுக்கு, அப்போது முதல்வராக இருந்த பனகல் ராஜாவின் பெயர்.

ஏரி போனாலும் அதன் பெயர் முழுசாகப் போகவில்லை. மேற்கு மாம்பலத்தில் லேக் வியூ ரோடு இருக்கிறது. அங்கே நின்று பார்த்தால் ஏரியைத் தவிர மற்ற எல்லாம் தெரியும். நுங்கம்பாக்கத்தில் 'லேக் ஏரியா' இருக்கிறது, டேங்க் பண்ட் ரோடு இருக்கிறது. ஆட்டோக்காரரிடம் தினமும் இந்தப் பெயர்களைச் சொல்லி இறங்குகிறவர்களில், ஏரி எங்கே என்று கேட்டவர்கள் குறைவு.

அதே 2015-ன் டிசம்பரில் அந்தக் கேள்விக்குத் தண்ணீரே வந்து பதில் சொன்னது. 1-ம் தேதி கொட்டித் தீர்த்த மழையில் அடையாறு கரைபுரண்டது. சைதாப்பேட்டை, கோட்டூர்புரம், மேற்கு மாம்பலம் என்று வீடுகளுக்குள் தண்ணீர் புகுந்தது.

வடிந்த பிறகு, மேற்கு மாம்பலத்தில் தரைத்தள வீடு ஒன்றில் ஃப்ரிட்ஜ், மெத்தை, டி.வி. எல்லாம் வாசலுக்கு வந்தன. எண்பது வயதுப் பாட்டி எதற்கும் வாய் திறக்கவில்லை. "ஆல்பம் கிடைச்சுதா?" என்று மட்டும் திரும்பத் திரும்பக் கேட்டார். கிடைத்தது. ஒன்றோடொன்று ஒட்டிப்போன போட்டோக்களைப் பேரன் பிரித்துப் பிரித்து, துணி காயப்போடும் கொடியில் கிளிப் மாட்டித் தொங்கவிட்டான். ஒன்றில் முகம் பாதி கரைந்திருந்தது.

"இது யாரு பாட்டி?"

"எங்க சித்தி. அம்மா போனப்புறம் என்னை வளர்த்தவ. அவளோட போட்டோ இது ஒண்ணுதான்டா கண்ணா."

அவன் கொஞ்ச நேரம் பேசவில்லை. பிறகு செல்போனை எடுத்து ரெக்கார்டிங்கைத் தட்டினான். "முகம் போனா போகுது. சித்தி எப்படி இருப்பாங்கன்னு நீ சொல்லு."

பாட்டி சொன்னார். மூக்குத்தி, உரத்த குரல், மோர்க்குழம்பு எல்லாம் வந்தது. பேச்சு எங்கெங்கோ போய், "இந்தப் பக்கம் ஒரு காலத்துல ஏரிக்கரைன்னு எங்க மாமனார் சொல்லுவார். நாங்க யாரும் காதுல வாங்கிக்கலை" என்பதில் வந்து நின்றது.

ஏரியை மூடியது ஒன்றே வெள்ளத்துக்குக் காரணம் என்று சொல்லிவிட முடியாது. செம்பரம்பாக்கத்திலிருந்து திறந்துவிட்ட தண்ணீர், குறுகிப்போன கால்வாய்கள், அடைபட்ட வடிகால்கள் என்று காரணங்கள் பல. ஆனால், தண்ணீர் பள்ளத்தைத்தான் தேடும். 2021 நவம்பரில் தி.நகர் தெருக்கள் மறுபடி மிதந்தபோதும், வள்ளுவர் கோட்டம் பக்கமிருந்து தி.நகர் வழியாக அடையாற்றுக்குப் போகும் மாம்பலம் கால்வாயைப் பற்றித்தான் ஊர் பேசியது. வள்ளுவர் கோட்டம் நிற்பதும் பழைய ஏரிப் படுகையில்தான்.

பாப் ஷாவின் கண்ணாடியை எந்தக் கடையிலும் வாங்க முடியாது. அதற்குப் பக்கத்தில் வரக்கூடியது, அநேகமாக ஒவ்வொரு வீட்டிலும் ஒரு மூலையில் உட்கார்ந்திருக்கிறது. சுவரில் மாட்டிய கண்ணாடி காட்டும், பேசாது. பாட்டியும் தாத்தாவும் கேட்ட கேள்விக்குப் பதில் சொல்வார்கள். போட்டோவில் இருப்பது யார், இந்தத் தெருவில் முன்பு என்ன இருந்தது, மழை பெய்தால் தண்ணீர் எந்தப் பக்கம் போகும் என்று கேட்க ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் போதும். புது ஃபிளாட்டுக்கு அட்வான்ஸ் கொடுப்பதற்கு முன்பு கேட்டால் இன்னும் நல்லது.