கெர்ட்ரூட் எந்த ஊர்க்காரி?

கோசின்ட்செவ் இயக்கிய 'ஹாம்லெட்' (1964) படத்தைப் பார்த்தவர்கள் ஸ்மொக்துனோவ்ஸ்கியின் நடிப்பைச் சொல்வார்கள், ஷோஸ்தகோவிச்சின் இசையைச் சொல்வார்கள். என் மனத்தைவிட்டு அகலாதவர் அரசி கெர்ட்ரூடாக வந்தவர்தான். தகப்பன் செத்த சேதி கேட்டுக் குதிரையில் பறந்து வருகிறான் ஹாம்லெட். கறுப்புடுத்த அரசி மகனைக் கட்டிக்கொள்கிறாள். சற்று நேரத்தில் கோட்டையின் தூக்குப்பாலம் மேலேறி வாசல் அடைபடுகிறது. அந்த அணைப்பில் தாய்ப்பாசமும் உண்டு, பிள்ளையைச் சிறைக்குள் இழுத்துக்கொள்ளும் பிடியும் உண்டு. இவர் யார், எங்கே தொழில் கற்றார் என்று தேடப் புறப்பட்டேன்.

பெயரே அலைக்கழித்தது. ரஷ்யப் பட்டியலில் எல்சா ராட்ஸின்; சில ஆங்கிலப் பட்டியல்களில் ராட்ஸின்-சோல்கோனிஸ். லாட்விய நாடக வரலாற்றுக்குள் போன பிறகுதான் எல்சா ராட்ஸிஞா கிடைத்தார். பிறந்தது 1917இல், கார்கிவ் நகரில். முதல் உலகப்போரில் ஜெர்மன் படை உள்ளே நுழைய, லாட்வியர்கள் கூட்டங்கூட்டமாகக் கிழக்கே ஓடிய காலம் அது.

நடிப்பு பழகியது யெல்கவா நாடக அரங்கில். லாட்வியத் தலைநகர் ரீகாவிலிருந்து சுமார் நாற்பது கிலோமீட்டரில் உள்ள ஊர். 1944 போரில் அந்த நகரம் பெரும்பாலும் தரைமட்டமானது. அங்கே வேர்விட்ட நடிகை 1950களில் ரீகா நாடக அரங்குக்கு வந்தார். 1918 நவம்பர் 18 அன்று லாட்வியாவின் விடுதலை அறிவிக்கப்பட்டது அந்தக் கட்டடத்தில்தான். ஆக, கெர்ட்ரூடாகக் கேமரா முன் நின்றபோது அவர் பல்லாண்டு மேடை கண்டவர். திரையில் மகனாக வரும் ஸ்மொக்துனோவ்ஸ்கி அவரைவிட எட்டு வயதுதான் இளையவர். படம் பார்க்கையில் அது தோன்றவே இல்லை; உடல் நிமிர்விலேயே தாயின் வயதைக் கொண்டுவந்துவிட்டார்.

கோசின்ட்செவ் அவரை விடவில்லை. 'கிங் லியர்' படத்தில் மூத்த மகள் கானெரில் ராட்ஸிஞாதான். தேடலில் எனக்குப் பெரிய திறப்பு இந்தப் படத்தின் நடிகர் பட்டியல். லியராக எஸ்தோனியாவின் யூரி யார்வெட், எட்மண்டாக லித்துவேனியாவின் அதொமைதிஸ், அல்பனியாக பனியோனிஸ், குளோஸ்டராக ராட்ஸிஞாவின் ரீகா அரங்கத் தோழர் கார்லிஸ் செப்ரிஸ். யார்வெட்டுக்கு ரஷ்யக் குரல் கொடுத்தவர் ஸினோவி கெர்ட். படத்தின் முதுகெலும்பே பால்டிக் மேடைகள்தான்.

பிறகு 1978இல் இயக்குநர் யானிஸ் ஸ்ட்ரெய்ச்ஸ், ஆங்கில எழுத்தாளர் சாமர்செட் மாமின் நாவலை 'தியேட்டர்' என்று படமாக்கியபோது, நாயகி வியா அர்ட்மனே. டாலி டி வ்ரீஸ் என்ற பணக்காரத் தோழியாக நடித்தவர் ராட்ஸிஞா. அரசிக்கும் இந்தச் சீமாட்டிக்கும் ஒட்டுறவே கிடையாது. இரண்டையும் அடுத்தடுத்துப் பார்த்தால் அவருடைய வீச்சு விளங்கும்.

இந்தப் படங்களை 'ரஷ்ய ஷேக்ஸ்பியர்' என்று மட்டும் அறிமுகப்படுத்துவது அநியாயம். திரையிடும் நண்பர்கள் யெல்கவா, ரீகா என்ற பெயர்களையும் சேர்த்துச் சொல்லுங்கள். எல்சா ராட்ஸிஞா 2005 ஆகஸ்டில், 88 வயதில், ரீகாவில் காலமானார்.