அக்காவின் கூலிங் கிளாஸ்



என் அக்காவுக்கு இரண்டு மாதம் முன்பு கண்புரை ஆபரேஷன் நல்லபடியாக முடிந்தது. வெயிலில் கண் கூசுகிறது என்றதும் பேரன் 'போலரைஸ்டு' கூலிங் கிளாஸ் வாங்கிக் கொடுத்தான். சில நாளில் எனக்குப் போன். "தம்பி, செல்லை நிமிர்த்திப் பிடிச்சா தெரியுது, படுக்க வச்சா ஒரே இருட்டு. கண்ணு போயிடுச்சுடா." இரண்டு நாளாக யாரிடமும் சொல்லவில்லையாம். மறுபடி ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போய்விடுவார்களே என்ற பயம். "கண்ணாடியைக் கழட்டிட்டுப் பாருக்கா" என்றேன். கொஞ்ச நேரம் சத்தமே இல்லை. அப்புறம், "தெரியுதுடா" என்றார். (அவரிடம் கேட்டுக்கொண்டுதான் எழுதுகிறேன்.)

பிளஸ் டூவில் நடத்திய 'தளவிளைவு' ஞாபகம் இருக்கிறதா? பாதிப் பேர் மனப்பாடம் செய்து மார்க் வாங்கிய பாடம் அது.

ஒளி குறுக்கலை, போகும் திசைக்குக் குறுக்காக அதிரும். சூரிய ஒளியில் மேல்கீழ், இடவலம், சாய்வு என்று எல்லா அதிர்வும் கலந்திருக்கும். அதை ஒரே தளத்துக்குக் கொண்டுவருவதுதான் தளவிளைவு. எல்சிடி திரையிலிருந்து வரும் ஒளி ஏற்கெனவே ஒரு தளத்தில்தான் அதிர்கிறது. அக்காவின் கண்ணாடியும் ஒரு தளத்தைத்தான் விடும். இரண்டும் ஒத்துப்போனால் படம், 90° திரும்பினால் இருட்டு. காற்றில் வரும் ஒலி நெட்டலை என்பதால் அதனிடம் இந்த வித்தை பலிக்காது.

வகுப்பு ஜன்னல் கம்பிகளுக்கு நடுவே கயிற்றை விட்டு ஆட்டினோமே, மேலும் கீழும் ஆட்டினால் அலை போகும், பக்கவாட்டில் ஆட்டினால் கம்பி தடுக்கும். அது கயிற்றுக்குச் சரி. போலராய்டில் நடப்பது நேர்மாறு. அந்தத் தாளில் நீண்ட மூலக்கூறுகள் ஒரே திசையில் இழுத்து வரிசையாக வைக்கப்பட்டிருக்கும். அவற்றின் நீளவாக்கில் அதிரும் ஒளியை அவையே விழுங்கிவிடும். குறுக்காக அதிர்வதுதான் தப்பி வெளியே வரும். இதை அன்றைக்கே கரும்பலகையில் எழுதிப் போட்டேன். கடைசி பெஞ்சுக்காரர்கள் யாராவது சாட்சி சொல்லுங்கள்.

இந்தப் பாடத்தில் எனக்குப் பிடித்தவர் மாலஸ், பிரெஞ்சு ராணுவப் பொறியாளர். 1808-ல் பாரிசில், லக்சம்பர்க் அரண்மனை ஜன்னலில் பட்டுத் தெறித்த சூரிய ஒளியை ஒரு கால்சைட் படிகம் வழியாகப் பார்த்தார். அந்தப் படிகத்தில் எதுவும் இரண்டாகத் தெரியும். சுழற்றச் சுழற்ற, இரண்டு பிம்பங்களும் மாறி மாறி மங்கின. பட்டுத் தெறிக்கும் ஒளியும் தளவிளைவு அடைகிறது என்று அப்படித்தான் தெரிந்தது. பாவம், 36 வயதிலேயே போய்விட்டார்.

நனைந்த தார் ரோட்டிலும் ஏரித் தண்ணீரிலும் பட்டு வரும் கூச்சம் பெரும்பாலும் கிடைமட்டமாக அதிர்கிறது. அதை வெட்டத்தான் இந்தக் கண்ணாடி. கறுப்பாக இருப்பதெல்லாம் போலரைஸ்டு ஆகிவிடாது. வாங்கும் முன் கடைக்காரரின் கால்குலேட்டரைக் கேளுங்கள். அதன் எண்களைக் கண்ணாடி வழியே பார்த்துக்கொண்டே கண்ணாடியை மெதுவாகத் திருப்புங்கள். ஏதாவது ஒரு நிலையில் திரை கறுத்தால்தான் அசல். கறுக்காவிட்டால் வெறும் சாயக் கண்ணாடி, அதற்கேற்ற விலை கொடுங்கள்.

வீட்டில் அசல் இருந்தால், மேகமில்லாத சாயங்காலம் சூரியன் மேற்கே இறங்கியதும் மொட்டைமாடிக்குப் போங்கள். சூரியனைப் பார்க்க வேண்டாம். தலைக்கு நேர் மேலே இருக்கும் வானத்தைப் பார்த்தபடி கண்ணாடியைத் திருப்புங்கள். நீலம் கறுத்து வெளுக்கும். பிள்ளைகளையும் கூட்டிப் போங்கள். என்ன சொன்னார்கள் என்று கமெண்டில் எழுதுங்கள்.