விருது வாங்க வராத மரிசோல்

தூக்கம் வராத இரவுகளில் யூடியூபில் பிறமொழிப் பழைய பாட்டுகளைத் தேடிப் பார்ப்பது என் வழக்கம். மொழி புரியாவிட்டால் என்ன, முகம் புரியுமே! அப்படித்தான் ஸ்பெயினின் மரிசோல் கிடைத்தாள். பொன்னிற முடி, நீலக் கண்கள், முகம் நிறையச் சிரிப்பு. 1962-ல் வந்த ‘தோம்போலா’ படத்தில் அவள் பாடுவதைப் பார்த்தால் யாருக்கும் மனசு லேசாகிவிடும். அவளைப் பற்றிப் படிக்கப் படிக்கத்தான் எனக்குக் கனக்க ஆரம்பித்தது.

பெயரே அவளுடையது இல்லை. கடலோர நகரமான மலாகாவில் 1948-ல் எளிய குடும்பத்தில் பிறந்தவள். வீட்டில் பெப்பா, முழுப்பெயர் ஹொசேஃபா ஃப்ளோரெஸ். 11 வயதில் அவள் டி.வி.யில் ஆடிப் பாடியதைப் பார்த்தார் மனுவேல் கோயானெஸ் என்ற தயாரிப்பாளர். மாட்ரிட்டில் தன் வீட்டிலேயே தங்கவைத்தார். முடிக்கு இன்னும் பொன்னிறம் ஏற்றினார்கள். 1960-ல் முதல் படம். அதற்கே வெனிஸ் விழாவில் சிறந்த குழந்தை நட்சத்திரம் விருது! கடைகளில் மரிசோல் பொம்மைகள் வந்தன. அப்போது நடந்தது ஃபிராங்கோவின் சர்வாதிகாரம். உள்நாட்டுப் போரின் காயம் ஆறாத நாட்டில், எந்தக் குறையும் சொல்லாமல் சிரிக்கும் ஒரு குழந்தை அந்த ஆட்சிக்கு எவ்வளவு வசதி!

வளர்ந்துவிட்டாள், இனி ‘அவர்’ என்கிறேன். 1969-ல் தயாரிப்பாளரின் மகனையே மணந்தார். சில வருடங்களில் பிரிந்தார். ஆனால், அன்று ஸ்பெயினில் விவாகரத்துக்குச் சட்டமே கிடையாது. ஃபிளமெங்கோ நடனக் கலைஞர் அந்தோனியோ காதெஸுடன் வாழ்ந்து பிள்ளைகளும் பெற்றார். விவாகரத்துச் சட்டம் வந்தது 1981-ல். மறுவருடம் கியூபாவில் இருவருக்கும் கல்யாணம்.

இதற்கிடையே 1975-ல் ஃபிராங்கோ இறந்தார். நாடு மூச்சு விட்டது. அந்த விடுதலையின் அடையாளம்போல, அடுத்த வருடம் ‘இன்டர்வியூ’ என்ற பத்திரிகை மரிசோலின் ஆடையில்லாத படத்தை அட்டையில் போட்டது. சில வருடங்களுக்கு முன் எடுத்த படம். இதழ் அமோகமாக விற்றது. ‘ஸ்பெயின் மாறிவிட்டது’ என்பதற்கு இன்றும் அந்த அட்டையைத்தான் உதாரணம் காட்டுகிறார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. முந்தைய காலம் அவர் சிரிப்பை விற்றது, புதிய காலம் உடம்பை விற்றது. விற்பனை நிற்கவே இல்லையே!

என்னைக் கேட்டால், மாற்றம் தெரிவது மரியோ காமுஸ் இயக்கிய ‘லோஸ் தியாஸ் தெல் பசாதோ’வில்தான். கடந்துபோன நாட்கள் என்று பொருள். ஃபிராங்கோவை எதிர்த்து மலைக்காட்டில் ஒளிந்து போராடும் காதலனைத் தேடி, மலாகாவிலிருந்து வடக்கே வரும் பள்ளி ஆசிரியை அவர். காதலனாக காதெஸ். யாரை எதிர்த்துப் போராடியவர்களின் கதை என்று கவனியுங்கள்! எந்த ஆட்சியின் செல்லக் குழந்தையாகக் காட்டப்பட்டாரோ, அதே ஆட்சியை எதிர்த்தவர்களின் பக்கம் நின்று நடித்தார். 1978-ல் கார்லோவி வாரி விழாவில் சிறந்த நடிகை விருது.

இனி நல்ல படங்களாக நடித்திருக்கலாமே என்று நமக்கு ஆசையாக இருக்கும். அவருக்கு இல்லை. 1985-ல் கடைசிப் படம். வயது 37. மலாகாவுக்கே திரும்பி, பெப்பா ஃப்ளோரெஸாக வாழத் தொடங்கினார்.

2020-ல் ஸ்பெயினின் பெரிய திரை விருதான கோயா, வாழ்நாள் சாதனைக்காக அவருக்கு அறிவிக்கப்பட்டது. விழா நடந்ததும் மலாகாவில்தான், அவருடைய சொந்த ஊரில். மகள்கள் மூவரும் மேடையேறி வாங்கிக்கொண்டார்கள். பெப்பா வரவில்லை.