தேர் நாளில் ஒரு சிதம்பர ரகசியம்

சிதம்பரத்தில் ரகசியம் ஒன்றல்ல, இரண்டு. ஒன்று சிற்சபையில் திரைக்குப் பின்னால் இருக்கிறது. திரையை விலக்கினால் தங்க வில்வ மாலை தொங்கும், மற்றபடி வெட்டவெளி. மற்றொரு ரகசியம், தேர்த் திருவிழா அன்று வெளியூரிலிருந்து காரில் வந்து இறங்குகிறவர்களைத் திணற அடிப்பது. ‘வண்டியை எங்கே நிறுத்துவது?’ என்பதுதான் அது. அங்கே திரையை விலக்கினால் வெளி தெரிகிறது. இங்கேயோ ஊரையே சல்லடை போட்டுச் சலித்தாலும் ஒரு கார் அகலத்துக்கு வெளி கிடையாது!

ஆண்டுக்கு இரண்டு முறை சிதம்பரத்துக்கு இந்தச் சோதனை வரும். ஆனி மாதத்தில், அதாவது ஜூன் அல்லது ஜூலையில், ஆனித் திருமஞ்சனம். மார்கழியில், டிசம்பர் கடைசியிலோ ஜனவரி தொடக்கத்திலோ, ஆருத்ரா தரிசனம். இரண்டும் பத்து நாள் உற்சவங்கள். ஒன்பதாம் நாள் தேர். பத்தாம் நாள் தரிசனம். மற்ற ஊர்களில் மூலவர் கருவறையிலேயே இருப்பார், உற்சவர்தான் வீதிக்கு வருவார். தில்லையில் அப்படி இல்லை. சிற்சபையில் ஆடுகிற அதே நடராஜப் பெருமான்தான் தேரில் ஏறி வீதிக்கு வருகிறார். படி ஏற முடியாதவர்களும், வரிசையில் நிற்கத் தெம்பில்லாதவர்களும் திண்ணையில் உட்கார்ந்தபடி பார்த்துவிடலாம். இப்படி ஒரு வாய்ப்பு ஆண்டில் இரண்டே நாள்தான் என்றால் கூட்டத்துக்குக் கேட்பானேன்!

ஊரின் அமைப்பைச் சற்று மனத்தில் வரைந்துகொள்ளுங்கள். நடுவே கோயில். திசைக்கு ஒன்றாக நான்கு ராஜ கோபுரங்கள். அவற்றைச் சுற்றிச் சதுரமாகக் கீழ வீதி, தெற்கு வீதி, மேல வீதி, வடக்கு வீதி. கடை, ஹோட்டல், பாத்திரக் கடை, நகைக் கடை எல்லாம் இந்த நான்கு வீதிகளிலும், அவற்றிலிருந்து கோபுரத்துக்குப் போகும் சன்னதித் தெருக்களிலும்தான். வீதிகள் அகலமானவை. ஆனால் தேர் நாளில் அந்த அகலம் நமக்காக அல்ல. பிள்ளையார், முருகன், நடராஜர், சிவகாமசுந்தரி, சண்டிகேசுவரர் என்று ஐந்து தேர்கள் அந்த வழியில் வர வேண்டும். தேருக்குப் பின்னோக்கி நகரத் தெரியாது. ஓரமாக ஒதுங்கவும் தெரியாது. வடம் பிடிக்கிறவர்கள் இழுத்த பக்கம் வரும். முட்டுக் கட்டை போட்டால் நிற்கும். அதன் பாதையில் ஒரு மோட்டார் சைக்கிள் நின்றாலே ஆபத்து. ஆகவே அன்று நான்கு வீதிகளிலும் வண்டிகளை நிறுத்திவிட்டுப் போக்குவரத்தை வேறு வழியில் திருப்பிவிடுகிறார்கள். அன்று அங்கே ஓட உரிமை உள்ள வண்டி தேர் ஒன்றுதான்.

இது தெரிந்தும் நம் வீடுகளில் பேச்சு எப்படி நடக்கிறது? “பாட்டிக்கு முழங்கால் வலி. பஸ், ரயில் எல்லாம் சரிப்படாது. காரிலேயே கோயில் வாசல் வரை கொண்டுபோய் இறக்கிவிடலாம்” என்பார் பிள்ளை. “ஆமாம், குழந்தையும் இருக்கிறது” என்பாள் மருமகள். நல்ல எண்ணந்தான். ஆனால் நடப்பது என்ன? ஊர் எல்லையிலேயே காரை மறிக்கிறார்கள். கார் திரும்புகிறது, சுற்றுகிறது, ஒரு சந்தில் நுழைந்து எதிரே வரும் வேனோடு மூக்கு உரசி நிற்கிறது. ஒரு மணி நேரம் போகிறது. பாட்டிக்குத் தாகம். பாத்ரூம் போக வேண்டும் என்று சொல்லவும் கூச்சம். கடைசியில் எங்கேயோ ஒரு வெளியில் வண்டியை விட்டு, அங்கிருந்து வெயிலில் நடத்திக் கூட்டிப் போகும்போது தேர் அடுத்த வீதிக்குப் போயிருக்கும். யாருக்காகக் கார் எடுத்தோமோ அவருக்குத்தான் அந்தக் காரால் அதிகக் கஷ்டம்!

இந்தத் தொல்லை நம் ஊருக்கு மட்டும் உரியது என்று எண்ணிவிட வேண்டாம். அமெரிக்காவில் ஆன் ஆர்பர் என்று ஓர் ஊர். சிதம்பரத்துக்கு அண்ணாமலைப் பல்கலைக் கழகம் எப்படியோ, அப்படி அந்த ஊருக்கு மிச்சிகன் பல்கலைக் கழகம். அங்கே ‘புட்பால்’ என்று ஓர் ஆட்டம். பெயர்தான் கால்பந்து, பெரும்பாலும் கையால் ஆடுகிறார்கள். ஒஹாயோ ஸ்டேட் பல்கலைக் கழகத்தோடு அவர்களுக்கு 1897 முதல் தொடரும் பங்காளிச் சண்டை உண்டு. 1927-இல் திறந்த அவர்களுடைய மைதானத்தில் 1,07,000 பேருக்கு மேல் உட்காரலாம். ஊரின் ஜனத்தொகையோ சுமார் 1,20,000. அதாவது பந்தய நாளில் ஊருக்குள் இன்னோர் ஊர் வந்து இறங்குகிறது! என்ன செய்கிறார்கள்? கோல்ப் மைதானத்தில் கார் நிறுத்துகிறார்கள். பள்ளிக்கூட மைதானத்தில் நிறுத்துகிறார்கள். வீட்டுக்காரர்கள் தங்கள் வாசல் புல்தரையையே காருக்கு வாடகைக்கு விடுகிறார்கள். காரை நம்பியே வாழும் தேசம் அது. அங்கேயே கடைசிக் கொஞ்ச தூரத்துக்குக் காலைத்தான் நம்ப வேண்டியிருக்கிறது. 2011 கணக்குப்படி 62,000 பேர் வாழும் சிதம்பரத்தில் வேறு எப்படி இருக்கும்?

அப்படியானால் என்ன வழி? கடலூரிலிருந்து தொடங்கலாம்.

வடக்கேயிருந்து வருகிறவர்களுக்குக் கடலூர்தான் சிதம்பரத்தின் தலைவாசல். இரண்டுக்கும் இடையே 45 கிலோ மீட்டர் சொச்சம். ஆனால் கடலூரிலும் ஒரு சின்னப் பொறி உண்டு. அங்கே ரயில் நிலையங்கள் இரண்டு. முதலில் வருவது திருப்பாதிரிப்புலியூர். பஸ் நிலையம் இதன் அருகில்தான் இருக்கிறது. அடுத்தது முதுநகர்ப் பக்கத்தில் உள்ள கடலூர் துறைமுகம் சந்திப்பு. விருத்தாசலம், நெய்வேலி, வடலூர்ப் பக்கத்திலிருந்து வரும் பாதை இங்கேதான் வந்து சேருகிறது. ‘கடலூர் ஸ்டேஷனில் நில், நான் வந்துவிடுகிறேன்’ என்று சொல்லிவிட்டு, அக்கா ஒரு ஸ்டேஷனிலும் தங்கை மற்றொரு ஸ்டேஷனிலும் காத்திருந்தால் வண்டி போயே போய்விடும். பெயரை முழுசாகச் சொல்லிக்கொள்ளுங்கள்.

திருப்பாதிரிப்புலியூரில் பாடலீசுவரர் கோயிலையும் ஒரு முறை பார்த்துவிட்டுப் போகலாம். அப்பர் பெருமானைக் கல்லோடு கட்டிக் கடலில் எறிந்தபோது, அந்தக் கல்லே தெப்பமாகி அவரைக் கரை சேர்த்தது என்பது வரலாறு. அந்த இடத்துக்குக் கரையேறவிட்ட குப்பம் என்றே பெயர். கல்லும் தெப்பமாகிற அந்த அதிர்ஷ்டம் நமக்கு இல்லை. ரயிலைத்தான் பிடிக்க வேண்டும்.

அந்த ரயில் பாதை 1870-களின் இறுதியில் வந்தது. அதற்கு முன் மாட்டு வண்டியும் கால்நடையும்தான். ரயில் வந்ததும் தென்னாற்காட்டு மக்களும் தஞ்சை ஜில்லா மக்களும் தேருக்கு மூட்டை கட்டுவது எளிதாயிற்று. நூறு ஆண்டுகளுக்கு மேல் குறுகிய பாதையில் ஓடியது அந்த வண்டி. பிறகு அகலப் பாதையாக்குவதற்காக விழுப்புரத்துக்கும் மயிலாடுதுறைக்கும் இடையே மூன்று ஆண்டுகளுக்கு மேல் ரயிலே இல்லை. 2010-இல்தான் மறுபடி ஊதல் சத்தம் கேட்டது. அந்த இடைவெளியில் பஸ்ஸில் நசுங்கித் திருவிழாவுக்கு வந்து போனவர்களைக் கேட்டால் ரயிலின் அருமையைச் சொல்வார்கள்.

இப்போது சென்னையிலிருந்து பகலில் சோழன் எக்ஸ்பிரஸும் இரவில் உழவன் எக்ஸ்பிரஸும் சிதம்பரம் வழியாகப் போகின்றன. முன்பதிவு 60 நாளைக்கு முன்பே தொடங்கிவிடுகிறது. திருவிழாத் தேதி பஞ்சாங்கத்தில் முன்கூட்டியே தெரிவதால், காலண்டரில் வட்டம் போட்டு வைத்துக்கொள்வது புத்திசாலித்தனம். கடலூரிலிருந்து சாதாரண ரயிலில் போனால் ஆலப்பாக்கம், புதுச்சத்திரம், பரங்கிப்பேட்டை, கிள்ளை என்று கடற்கரைக் கிராமங்களின் காற்றை வாங்கிக்கொண்டே போகலாம். பரங்கிப்பேட்டைப் பக்கம் வெள்ளாறு. கிள்ளைக்கு அப்பால் பிச்சாவரத்துச் சுரபுன்னைக் காடு. எல்லாவற்றையும்விடப் பெரிய லாபம் ஒன்று உண்டு. சிதம்பரம் ஸ்டேஷனில் இறங்கினால் கீழ வீதி ஒன்றரைக் கிலோ மீட்டருக்குள்தான். பாட்டிக்கு ஓர் ஆட்டோ, மற்றவர்களுக்குக் கால்.

பஸ்ஸும் குறைவில்லை. கடலூரிலிருந்து சாதாரண நாளில் ஒரு மணி நேரத்துக்குச் சற்று மேல் ஆகும். தேர் நாளில் அந்தக் கணக்கை நம்ப வேண்டாம். பெண்களுக்கு ஒரு விஷயம்: 2021 மே மாதம் தமிழகத்தில் வந்த கட்டணமில்லாப் பயணம் சாதாரண டவுன் பஸ்களுக்குத்தான். ஊர் விட்டு ஊர் போகும் புறநகர் பஸ்ஸில் ஏறிவிட்டு, “எங்களுக்கு டிக்கெட் கிடையாதே” என்று கண்டக்டரோடு வழக்காட வேண்டாம்.

இல்லை, காரில்தான் போயாக வேண்டும் என்கிறீர்களா? கூட வருகிறவர்களில் உண்மையிலேயே முடியாதவர்கள் இருப்பார்கள், ஒப்புக்கொள்கிறேன். அப்படியானால் முந்தின நாள் மாலையே போய்த் தங்கிவிடுவது உத்தமம். அறை கிடைக்காவிட்டால் கடலூரில் தங்கி விடியுமுன் புறப்படுங்கள். போலீஸார் ஒதுக்கியிருக்கும் வெளியில் முதலிலேயே வண்டியை விட்டுவிடுங்கள். ‘இன்னும் கொஞ்சம் உள்ளே போய்ப் பார்க்கலாமே’ என்கிற ஆசைதான் எல்லாத் தொல்லைக்கும் விதை. வண்டி நிற்கும் இடத்தின் பெயரை எல்லாரும் மனப்பாடம் செய்துகொள்ளுங்கள். கூட்டத்தில் செல்போனை மட்டும் நம்ப வேண்டாம். குழந்தையின் சட்டைப் பையில் உங்கள் போன் எண்ணை எழுதிப் போடுங்கள். பிரிந்துபோனால் எங்கே சேருவது என்று ஒரு கடையையோ கோபுரத்தையோ குறித்துக்கொள்ளுங்கள். ‘கோபுரத்தடியில்’ என்று மட்டும் சொல்லாதீர்கள். சிதம்பரத்தில் கோபுரம் நான்கு!

இனி வீதிக்கு வருவோம். தேர் கீழ வீதியில் புறப்பட்டு, தெற்கு, மேற்கு, வடக்கு என்று வலமாக வந்து மறுபடி கீழ வீதியில் நிலைக்கு வரும். அதைத் துரத்திக்கொண்டு ஓட வேண்டியதே இல்லை. ஒரே இடத்தில் உட்கார்ந்தால் அதுவே உங்களைத் தேடி வரும். காலையில் கீழ வீதியின் கிழக்குச் சிறகில் நிழல் இருக்கும். மார்கழியானால் தெற்கு வீதியின் தெற்குச் சிறகிலும் நிழல் உண்டு. முடியாதவர்களுக்கு அங்கே ஓர் இடம் பிடித்து, மடக்கு நாற்காலியும் தண்ணீரும் கொடுத்துவிட்டால் போதும். தேருக்கு முன்னே பெண்கள் வீதியைப் பெருக்கி, நீர் தெளித்துக் கோலம் போட்டுக்கொண்டு வருவார்கள். காரின் ஜன்னல் வழியே அந்தக் கோலம் தெரியாது.

மேல வீதி முடிந்து வடக்கு வீதி தொடங்கும் மூலைப் பக்கத்தில் தேர் நின்று இளைப்பாறும். பருவதராஜ குலத்து மக்கள் அங்கே படையல் இட்டுச் சீர் செய்கிறார்கள். அம்பிகை மலையரசன் மகள் அல்லவா? அந்த வகையில் அவர்கள் பிறந்த வீட்டார். கோயிலுக்குள் எத்தனை பூஜை நடந்தாலும், வீதியில் தாய் வீட்டுச் சீர் வந்து நிற்கிற அந்த நேரத்தைப் பார்க்கும் பெண்களின் முகத்தில் ஒரு தனி மலர்ச்சி வரும். புகுந்த வீட்டுக்குப் போன எல்லாருக்கும் புரிகிற விஷயம் அது.

அன்றிரவு சுவாமி ஆயிரங்கால் மண்டபத்தில் எழுந்தருளுவார். விடியற்காலை மகாபிஷேகம். பிறகு ஆடிக்கொண்டே சிற்சபைக்குத் திரும்பும் தரிசனம். மார்கழியானால் களியும் கூட்டும் உண்டு. தரிசனம் முடிந்ததும் எல்லாரும் ஒரே சமயத்தில் பஸ் நிலையத்துக்குப் பாய்வார்கள். நீங்கள் பாய வேண்டாம். இரண்டு மணி நேரம் பொறுத்துப் புறப்படுகிறவர் உட்கார்ந்து போவார். உடனே புறப்பட்டவர் நின்றுகொண்டே போவார்.

தில்லையைக் காண ஏங்கிய நந்தனாருக்குத் திருநாளைப்போவார் என்றே பெயர் வந்தது. ‘நாளைப் போவேன்’ என்று சொல்லிச் சொல்லியே நாட்கள் போயின. அவரை மறித்தது தூரம் அல்ல, சாதி. அந்தத் துயரத்தோடு நம் சில்லறைக் கஷ்டங்களை ஒப்பிட முடியாது. ஆனாலும் நம் வீடுகளிலும் ‘நாளைப் போகலாம்’ என்று சொல்லும் பெண்மணிகள் இருக்கிறார்கள். பிள்ளைக்கு லீவு கிடைக்கட்டும், பேத்தி பரீட்சை முடியட்டும், கார் ரிப்பேர் ஆகி வரட்டும் என்று காத்திருந்தே முழங்கால் தேய்ந்தவர்கள். அவர்கள் கேட்பது கார் அல்ல. கூட ஒரு துணை, வழியில் ஒரு பாத்ரூம், வீதியில் ஒரு நிழல், திரும்பி வர ஓர் இடம், இவ்வளவுதான்.

அடுத்த தேருக்கு எப்போது என்று பஞ்சாங்கத்தைப் புரட்டுங்கள். கார் சாவியை ஆணியில் மாட்டிவிட்டு, பாட்டியின் பெயரில் ஜன்னல் ஓரமாக ஒரு ரயில் டிக்கெட் எடுங்கள்.