செங்கோட்டுக் கல்

திருச்செங்கோட்டில் வளர்ந்தவர்களுக்குக் கல் முதலில் உள்ளங்காலில்தான் அறிமுகமாகும். சித்திரை வெயிலில் மலையேறும்போது அம்மாயி நிழல் விழுந்த பக்கமாகவே என்னை இழுத்துக்கொண்டு போவாள். ஆயிரத்து இருநூறு படிக்கு மேல். பாதி வழியில், பாறையிலேயே செதுக்கிய 60 அடி நாகம் குங்குமமும் மஞ்சளுமாகப் படுத்திருக்கும். அம்மாயி கும்பிட்டு முடிக்கும்வரை நான் சூட்டுக்குக் கால் மாற்றி மாற்றி நிற்பேன். சாயங்காலம் ஊருக்குள் இருந்து பார்த்தால் மலை முழுக்க ஒரு செம்மை ஏறியிருக்கும்.

நடுவில் மலை, சுற்றிலும் ரிக் வண்டிகள். இதுதான் எங்கள் ஊர். வட இந்தியாவில் எங்கோ ஒரு வறண்ட கிராமத்தில் போர் போடும் வண்டியிலும் திருச்செங்கோடு என்று எழுதியிருக்கும். ஆப்பிரிக்கா வரைக்கும் போய்வந்த ஆட்கள் தெருவுக்குத் தெரு உண்டு. என் மாமன் முதலாளியல்ல, டிரில்லர். பள்ளி விடுமுறையில், பக்கத்து ஊர்களில் வேலை என்றால் என்னையும் வண்டியில் ஏற்றிக்கொள்வார்.

ராடின் நுனியில் ஹேமர், அதன் முனையில் பிட். கம்ப்ரசர் காற்று ராடுக்குள்ளே இறங்கி ஹேமரை அடிக்கும். அதே காற்று, பொடிந்த கல்லை வாரிக்கொண்டு குழிக்கு வெளியே பீச்சும். காது அடைத்துப்போகும். சோளத்தட்டு, மாட்டுக்கொட்டகை, வேடிக்கை பார்க்க வந்தவர்களின் புருவம் எல்லாம் வெளுத்துவிடும். ஒவ்வொரு ராடு இறங்கியதும் மாமன் ஒரு கை மாவை அள்ளித் தரையில் வரிசையாகக் குவித்து வைப்பார். வேலை முடியும்போது முந்நூறு நானூறு அடிக் கிணறு சின்னச் சின்னக் குவியல்களாக வெயிலில் கிடக்கும். முதலில் செம்மண், அடுத்து மக்கிய பாறையின் பழுப்பு, பிறகு சாம்பல், கடைசியில் லேசாக ரோஜா நிறம் கலந்த வெள்ளை. வெள்ளை வந்துவிட்டால் மாமன் முகம் சுருங்கும். "பிட்டோட பல்லத் தின்னுரும் மாப்ளே இந்தக் கல்லு" என்பார். அந்த வெள்ளையில் பெரும்பங்கு படிகக்கல்லும் ஃபெல்ட்ஸ்பாரும். படிகக்கல், அதாவது குவார்ட்ஸ், சாதாரண எஃகைவிடக் கடினமானது என்பதைப் பின்னால் படித்தேன். மாமன் அதை டீசல் கணக்கிலேயே அறிந்திருந்தார்.

சங்ககிரிப் பக்கம் ஒரு தோட்டத்தில் போர் போட்டுக்கொண்டிருந்தபோதுதான் அந்தப் பேராசிரியர் வந்தார். சேலத்துக் கல்லூரி ஒன்றில் நிலவியல் சொல்லிக்கொடுப்பவர். தோளில் ஒரு துணிப்பை, இடுப்பில் சுத்தியல், கழுத்தில் கயிறு கட்டிய சின்ன லென்ஸ். கிணற்றை அவர் எட்டிக்கூடப் பார்க்கவில்லை. நேராகக் குவியல்களிடம் போய்க் குத்தவைத்தார். ஒரு பிடி எடுத்து, உள்ளங்கையில் தண்ணீர் விட்டு அலசி, தங்கிய மணிகளை லென்ஸில் பார்த்தார்.

"எத்தன அடியில நெறம் மாறுச்சுங்க?"

"நூத்தி எம்பதுலீங்க சார். அங்க ஒரு கேப்பு இருந்துச்சு, ஈரங் கசிஞ்சுது. அதுக்குக் கீழ ஒரே கல்லுதானுங்க."

"அந்த எடந்தான் எனக்கு வேணும்" என்றார் அவர். மாமனின் பேச்சை ஒரு வாத்தியார் நோட்டில் எழுதிக்கொள்வதை அன்றுதான் பார்த்தேன்.

போகும் வழியில் அவரோடு பழைய கல்லுக்குழி ஒன்றில் நின்றோம். சுவரில் சாம்பலும் கறுப்புமாகப் பட்டை பட்டையான பாறை. அதைக் குறுக்கே கிழித்துக்கொண்டு ஒரு செந்நிற நரம்பு ஓடியது. "எது மூத்தது தம்பி?" என்று கேட்டார். நான் முழித்தேன். "வெட்டினது இளசு, வெட்டுப்பட்டது மூப்பு. அவ்வளவுதான்." பட்டைக்கல்லின் பெயர் நைஸ், செந்நிறக் கல்தான் கிரானைட். சுத்தியலால் ஒரு சில்லை உடைத்து, புதுமுகத்தை லென்ஸில் காட்டினார். கண்ணாடித் துண்டு மாதிரி உருவமே இல்லாமல் கிடப்பது குவார்ட்ஸ். வெயிலில் திருப்பும்போது பளிச்சென்று தட்டையாக மின்னுவது ஃபெல்ட்ஸ்பார். நகத்தால் கீறினால் ஏடு ஏடாக உரிவது கறுப்பு மைக்கா. (சமையலறை மேடைக்குக் கடையில் விற்கும் கறுப்புக் 'கிரானைட்' பெரும்பாலும் வேறு இனம், டோலரைட் போன்ற கல். அதில் குவார்ட்ஸ் மிகக் குறைவு. வியாபாரிகளுக்குப் பளபளப்பு ஏறினால் போதும்.)

அந்தக் குழிச் சுவரில் நான் பார்த்ததைத்தான் 1785இல் ஸ்காட்லாந்தின் கிளென் டில்ட் என்ற பள்ளத்தாக்கில் நிலவியலாளர் ஜேம்ஸ் ஹட்டன் பார்த்தார். பூமியை மூடியிருந்த ஆதிக் கடலில் முதலில் படிந்த கல்தான் கிரானைட் என்று ஜெர்மனியில் வெர்னர் கற்பித்துக்கொண்டிருந்த காலம் அது. முதலில் படிந்த கல் மற்றக் கற்களுக்குள் நரம்பாக எப்படிப் புகும்? புகுந்திருக்கிறதென்றால் ஒரு காலத்தில் அது உருகிய குழம்பு, சுற்றியுள்ள கல்லைவிட வயதில் சின்னது. ஹட்டன் குதித்த குதியைப் பார்த்துக் கூட வந்த வழிகாட்டிகள் வெள்ளியோ தங்கமோ கிடைத்துவிட்டது என்று நினைத்தார்களாம். ஆனாலும் சண்டை ஓயவில்லை. உருகாமலேயே, திடநிலையில் பழைய பாறை கிரானைட்டாக மாறிவிடும் என்று வாதாடியவர்கள் இருபதாம் நூற்றாண்டின் நடுப்பகுதி வரை இருந்தார்கள். 1958இல் டட்டிலும் போவனும் தங்கள் சோதனைகளை வெளியிட்ட பிறகுதான் பெரும்பாலும் அடங்கினார்கள். கிரானைட்டின் கூட்டுப்பொருள்களை நீரோடு சேர்த்து அழுத்தத்தில் சூடாக்கி, 700 டிகிரி செல்சியஸை ஒட்டிய வெப்பத்திலேயே உருகுவதை அவர்கள் காட்டினார்கள்.

எங்கள் கல்லும் அப்படி வந்ததுதான். நிலத்தின் அடியில் பல கிலோமீட்டர் ஆழத்தில் பழைய பாறை முழுதும் உருகாது. எளிதில் உருகும் பங்கு மட்டும் பிரிந்து குழம்பாகும். சுற்றியுள்ள கல்லைவிட எடை குறைந்தது என்பதால் விரிசல் வழியே மேலே ஏறும். தரையைத் தொடாமல் பாதியில் நின்று, மேலே கம்பளிபோலக் கிடக்கும் பாறைக்கு அடியில் மிக மெதுவாக ஆறும். மெதுவாக ஆறுவதால்தான் மணிகள் கண்ணுக்குத் தெரியும் அளவு வளர்கின்றன. கடைசியாக உறையும் குவார்ட்ஸுக்கு மிச்சமிருக்கும் சந்துதான் கிடைக்கும். அதற்குத் தனி உருவம் இல்லாததன் காரணம் அதுதான். பிறகு மழையும் ஆறும் மேல்பாறையைக் கோடிக்கணக்கான ஆண்டுகள் அரித்துத் தள்ள, பாரம் குறைந்த கிரானைட் விரிந்து, மேற்பரப்புக்கு இணையாகத் தகடு தகடாக வெடிக்கிறது.

கல்லூரிக்குப் போன பிறகு பேராசிரியரைத் தேடிப் போய்ப் பார்த்தேன். 0.03 மில்லிமீட்டர் தடிமனுக்கு இழைத்த கல்லைக் கண்ணாடித் தகட்டில் ஒட்டி, முனைவாக்க ஒளி நுண்ணோக்கியில் வைத்தார். கல்லுக்குள் வெளிச்சம் போனது! மைக்ரோகிளைன் என்ற ஃபெல்ட்ஸ்பார், கட்டம் போட்ட கைலியை விரித்தது மாதிரி குறுக்கும் நெடுக்குமாகக் கோடு காட்டியது. மேடையைத் திருப்பத் திருப்ப ஒவ்வொரு மணியும் இருண்டு, பிறகு விளங்கியது. அன்று நான் அங்கிருந்து லேசில் கிளம்பவில்லை.

வயதைக் கண்டுபிடிப்பது வேறு வேலை. கல்லைப் பொடித்து, சிர்கான் என்ற கனமான நுண்மணிகளைப் பிரிக்கிறார்கள். சிர்கான் வளரும்போது யுரேனியத்தைச் சேர்த்துக்கொள்ளும், ஈயத்தைப் பெரும்பாலும் ஒதுக்கிவிடும். ஆகவே இன்று அதற்குள் இருக்கும் ஈயம் யுரேனியம் சிதைந்து வந்தது. யுரேனியம் 238இல் பாதி ஈயமாவதற்குச் சுமார் 447 கோடி ஆண்டு ஆகும். இரண்டின் விகிதத்தை நிறைமாலைமானியில் அளந்தால் வயது தெரியும். இப்படிப்பட்ட கதிரியக்கக் கணக்குகளின்படி சங்ககிரி, திருச்செங்கோடு கிரானைட் ஏறக்குறைய 50 கோடி ஆண்டுக்கு முந்தியது. இந்தியா, மடகாஸ்கர், ஆப்பிரிக்கா, அன்டார்ட்டிகா எல்லாம் முட்டி மோதிக் கோண்டுவானாவாக ஒட்டிக்கொண்ட காலத்தை ஒட்டியது. சேலம், நாமக்கல் வட்டாரத்து நைஸ் பாறைகளுக்கோ வயது 250 கோடியைத் தொடும்.

மாமனுக்கு இதையெல்லாம் சொன்னபோது, "அது செரி, தண்ணி எங்க இருக்குதுன்னு சொல்லு" என்றார். அதற்கும் பதில் கல்லிலேயே இருந்தது. கிரானைட் மணிகளுக்கு நடுவில் தண்ணீர் தங்க இடமே இல்லை. மேலே மக்கிய பாறையிலும் கீழே விரிசல்களிலும் மட்டும்தான் தங்கும். ஆழம் போகப் போகப் பாரம் அழுத்தி விரிசல்கள் இறுகிப்போகும். ஆயிரம் அடிக்குக் கீழே இன்னும் நூறு அடி போட்டால் வந்துவிடும் என்ற நம்பிக்கையில் நிலத்தை அடகு வைப்பவர்களைக் கல் காப்பாற்றாது.

பேராசிரியர்களுக்கு ஆழத்துக் கல் பார்க்கக் கிடைப்பது அரிது. நம் ஊர்களில் தினமும் அது வெளியே வந்து காற்றில் போகிறது. உங்கள் தோட்டத்தில் ரிக் வண்டி நின்றால் டிரில்லரிடம் கேட்டு, எத்தனையாவது அடியில் என்ன நிற மாவு வந்தது, எங்கே ஈரம் கசிந்தது என்று ஒரு நோட்டில் எழுதி, ராடுக்கு ஒரு பிடி மாவைத் தாளில் மடித்து அடி போட்டு வையுங்கள். அடுத்த கிணறு போடும் முன்பு அந்த நோட்டை நிலவியல் படித்த ஒருவரிடம் காட்டுங்கள்.