கடைசி வாங்கு

உதைபந்தாட்டத்தில் ஓரணிக்குக் களத்தில் கோல்காப்பாளர் ஒருவரே. ஏனையோர் வாங்கில் காத்திருக்க வேண்டியவர்கள். ஒல்லாந்தின் வொலெண்டாம் கழகத்தில் கோல்காத்த பிரான்ஸ் ஹூக், 1985இல் அயாக்ஸ் கழகத்தின் கோல்காப்புப் பயிற்றுநரானார். அங்கு அவரிடம் பயின்ற வன் டெர் சார், 1995இல் ஐரோப்பியக் கிண்ணத்தை வென்ற அணியைக் காத்தார். ஆயினும் எம்மை அதிகம் சிந்திக்க வைப்பது 2014 உலகக் கிண்ணமாகும்; ஒல்லாந்து அணியின் கோல்காப்புப் பயிற்றுநர் அப்போது ஹூக்கே. கொஸ்டாரிக்காவுடனான காலிறுதியில், மேலதிக நேரம் முடியுந் தறுவாயில், அத்தொடரில் அதுவரை ஒரு நிமிடமேனும் ஆடாத ரிம் குருல் களமிறக்கப்பட்டார்; இரண்டு தண்ட உதைகளைத் தடுத்து வெற்றி தேடித்தந்தார். வாங்கிலிருந்தவனையும் ஆயத்தஞ் செய்து வைத்த உழைப்பன்றோ அது! பெறுபேறுகளுக்காக முன்வரிசையை மட்டுமே கவனிக்குமாறு ஆசிரியர்களாகிய எம்மை நெருக்கும் கல்விமுறைக்கு நாம் கூறவேண்டிய விடை இதுவே: கடைசி வாங்கிலிருப்பவனும் எமது மாணவனே.