பெறாத பிள்ளைகள்

‘சர்வர் சுந்தரம்’ வெளியான 1964இல் எஸ்.என். லட்சுமிக்கு வயது 37. அதில் அவருக்கு மகனாக நடித்த நாகேஷுக்கு 31. ஆறு வயதில் பிள்ளை பெற்றவள் என்று கணக்குப் போட்டுச் சிரிக்கலாம். அதற்குப் பிறகும் நாற்பது ஆண்டுகளுக்கு மேல் பெரும்பாலும் அம்மா, மாமியார், பாட்டி வேடங்களே அவரைத் தேடி வந்தன என்று நினைக்கும்போது சிரிப்பு நின்றுவிடுகிறது.

விருதுநகர்ப் பக்கம் 1927இல் பிறந்து, நாடக மேடை வழியாகச் சினிமாவுக்கு வந்தவர். கடைசிவரை திருமணம் செய்துகொள்ளவில்லை.

2012 பிப்ரவரியில் அவர் இறந்தபோது இந்தச் செய்தியை முண்டியம்பாக்கத்தில் என் அத்தைக்குப் படித்துக் காட்டினேன். அத்தையும் திருமணம் செய்துகொள்ளாதவர். சர்க்கரை ஆலையில் ஷிப்டு வேலை பார்த்த அப்பாவுக்குச் சோறு கட்டியவர், அம்மா போன பிறகு எங்கள் மூவரையும் வளர்த்தவர். ஆலை ஓடும் மாதங்களில் கொடியில் காயும் துணியெல்லாம் கரித்தூள் படியும். மறுபடி அலசுவதும் அத்தைதான்.

“கண்ணாலமே கட்டிக்கலயா? அப்ப அந்த அழுகைய எங்கேந்து கத்துக்கிச்சு?” என்றார். கொஞ்ச நேரம் கழித்து, “நான் மட்டும் எங்கேந்து கத்துக்கிட்டேன்” என்றார்.

தாய்மை பெண்ணின் ரத்தத்திலேயே ஊறியது என்று பேசுகிறவர்கள் இந்த இரண்டு பெண்களையும் கொஞ்சம் பார்க்கலாம். ஒருவர் கேமரா முன் செய்தார், கூலி வாங்கினார். இன்னொருவர் விடியற்காலை நாலு மணிக்கு எழுந்து செய்தார். இரண்டும் உழைப்பு. கற்றுக்கொண்ட, அலுத்துப்போகிற, நன்றாகவும் மோசமாகவும் செய்யக்கூடிய உழைப்பு. சினிமா பெண்களைச் சீக்கிரமே அம்மாவாக்கிவிடும். ‘சின்ன கவுண்டர்’ வந்த 1992இல் விஜயகாந்துக்கு அம்மாவான மனோரமா அவரைவிடப் பதினைந்து வயதுதான் மூத்தவர். கதாநாயகர்களுக்கோ வயதே ஆவதில்லை.

அத்தை இடுப்பெலும்பு முறிந்து படுத்தபோது, மருத்துவமனையில் கையெழுத்துப் போடப் போனேன். “பெத்த புள்ளைங்க யாரும் வரலியா?” என்று கேட்டார்கள். அண்ணன் மகள் என்றதும் படிவத்தை என் பக்கமிருந்து இழுத்துக்கொண்டார்கள். நான் அதைத் திரும்ப வாங்கி, உறவு என்ற இடத்தில் ‘மகள்’ என்று எழுதிக் கொடுத்தேன். அதற்குப் பிறகு யாரும் எதுவும் கேட்கவில்லை.

வீட்டுக்கு வந்து படுக்கையில் கிடந்த நாட்களில் அத்தை படமாகப் பார்த்தார். ‘மகாநதி’ வேண்டாம் என்றுவிட்டார். ‘விருமாண்டி’யில் 77 வயதில் லட்சுமி நடித்திருப்பதைப் பார்த்து, “இந்த வயசுலயும் வேலைக்குப் போயிருக்குது பாரு” என்றார். அதில் பொறாமை இருந்ததா, பரிதாபமா, எனக்குப் பிரித்துச் சொல்லத் தெரியவில்லை.

‘மைக்கேல் மதன காம ராஜன்’தான் அவருக்குப் பிடித்தது. கண்ணில் பட்டதையெல்லாம் திருடி முடிந்துகொள்ளும் பாட்டி.

“இந்த வேஷந்தான்டி நல்ல வேஷம்” என்றார் அத்தை. “யாருக்கும் சோறு போட வேணாம்.”